இரண்டு கையால் வாங்கிய பொன்னன்

'புயல் பொன்னனும் இடிமுழக்கனும்' கேம் கையடக்க மெஷினில் வராமல் போனதற்குக் காரணம் நான். இரண்டு பத்திரிகைக்காரர்களும் சண்டை போட்டுக்கொண்டார்கள், அதனால் நின்றுவிட்டது என்றுதான் பெரம்பலூரில் சொல்வார்கள். சண்டை போட்டது உண்மை. ஆனால் சண்டை முடிந்து, இரண்டு பேரும் கைகுலுக்கி, காபி குடித்துவிட்டுக் கார் ஏறிப் போன பிறகுதான் அது நின்றது. நிறுத்தியது நான்.

பொன்னன், 'பட்டாணி' என்ற சிறுவர் பத்திரிகையில் வரும் படக்கதை நாயகன். இடிமுழக்கன், 'கிலுகிலுப்பை' பத்திரிகையின் நாயகன். இரண்டும் திருச்சியில் அச்சாகிறவை. பத்து வருடமாக ஒன்றை ஒன்று குத்திக்காட்டியே விற்றவை. 2005-இல் யாருக்கோ யோசனை வந்து, அதில் நான்கு பேர், இதில் நான்கு பேர் என்று எட்டுப் பேரையும் ஒரே கேமில் மோதவிட்டு, கம்ப்யூட்டரில் போட்டு விளையாடுகிற சிடியாகக் கொண்டுவந்தார்கள். அது ஓடு ஓடென்று ஓடியது. டைப்பிங் கற்றுக்கொள்ள அனுப்பிய பிள்ளைகள் எல்லாம் கம்ப்யூட்டர் சென்டரில் உட்கார்ந்து பொன்னனை உதைக்க வைத்துக்கொண்டிருந்தார்கள்.

அடுத்த வருடம் சென்னையில் ஓர் இறக்குமதிக்காரர், கையில் வைத்து விளையாடும் மெஷினைச் சீனாவிலிருந்து கொண்டுவந்து அந்தக் கேமோடு விற்கப்போவதாகச் சொன்னார். சிடியில் இருந்ததைச் சுருக்கித் தீப்பெட்டி அளவு கேசட்டுக்குள் அடைக்க வேண்டும். சென்னையில் அந்த வேலைக்குக் கேட்ட காசு அதிகம். அதனால் அது பெரம்பலூர் பாலக்கரைக்குப் பக்கத்தில், உரக்கடை மாடியில் இருந்த குருநாதன் சார் ஆபீசுக்கு வந்தது. ஒன்பது பேர் வேலை செய்தோம். படம் வரைகிறவன் செந்தில்குமார். அடைக்கிற வேலை, அதாவது புரோகிராம் முழுவதும், நான்.

நான் வெற்றிச்செல்வி. பி.எஸ்சி. கம்ப்யூட்டர் சயின்ஸ். எங்கள் குடும்பத்தில் எனக்கு முன்னால் யாரும் பத்தாவது தாண்டியதில்லை. அப்பா சாமிதுரை அரியலூரில் சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் கான்ட்ராக்ட் கூலி. அம்மா இருசம்மாள் களை எடுக்கப் போவாள்.

வேலையில் சேர்வதற்கு முன்பு சென்னையில் ஒரு கேம் கம்பெனிக்கு இன்டர்வியூ போயிருந்தேன். அரியலூரில் விடிகாலை ரயில் ஏறி, நின்றுகொண்டே போய்ச் சேர்ந்தேன். அங்கே இருந்தவர் என் சர்டிபிகேட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இந்தக் காலேஜ் நான் கேள்விப்பட்டதே இல்லம்மா. தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க பண்ணி வெளிய வந்த கேம் ஏதாவது இருக்கா? ஒண்ணு போதும். அதுல உங்க பேர் இருக்கணும். பேரைக் காட்டுங்க, வேலை தரேன்."

வாய்ப்பேச்சு என்று நினைத்தேன். இல்லை. ஒரு மாதம் கழித்து நானே போன் செய்து கேட்டபோதும் அதையேதான் சொன்னார். அதனால் குருநாதன் சார் கேசட் வேலையை என்னிடம் கொடுத்த அன்றே ஒன்றைக் கேட்டு வாங்கிக்கொண்டேன். கேம் முடிகிற இடத்தில் செய்தவர்களின் பெயர்கள் வர வேண்டும்.

"அதுக்கென்ன, சினிமா மாதிரி போட்டுட்டாப் போச்சு" என்றார் அவர். பெருந்தன்மையான ஆள்தான். செலவு இல்லாத விஷயங்களில் எல்லோரும் அப்படித்தான்.

எட்டு மாத வேலை. கேசட்டில் இடம் மிகக் குறைவு. எட்டுப் பேர், ஒவ்வொருவருக்கும் அடி, உதை, தாவல், விழுதல் என்று நூறு படம். அத்தனையும் அடங்காது. அதனால் எல்லாப் படத்தையும் ஒரு பக்கம் பார்த்தபடி மட்டும் வைத்தேன். ஆள் மறுபக்கம் திரும்ப வேண்டும் என்றால் மெஷினே அதே படத்தைக் கண்ணாடியில் தெரிவது போலப் புரட்டிக் காட்டும். பாதி இடம் மிச்சம். அப்படியும் பிழிந்து பிழிந்துதான் கடைசியில் ஒரு கேபி, அதாவது ஒரு கிலோபைட் இடம்கூட மீதம் இல்லாமல் அடைத்தேன். செந்தில்குமார் சொல்வான்: "ஏ வெற்றி, இதுக்கு மேல ஒரு கொசு உள்ள போனாலும் கேசட்டு வெடிச்சிரும்."

அப்பா சுரங்கத்தில் எல்லோரிடமும் சொல்லிவிட்டார். மகள் பெயர் மெஷினுக்குள் வருகிறது என்று. லாரி டிரைவர்கள் வரைக்கும் தெரியும்.

திங்கட்கிழமை எல்லாம் சென்னைக்குப் போய்ச் சேர வேண்டும். அதற்கு முந்தின புதன்கிழமை இரண்டு பத்திரிகையிலிருந்தும் பார்க்க வந்தார்கள். பட்டாணியிலிருந்து வெள்ளைச்சாமி. பத்திரிகையை ஆரம்பித்தவரின் மகன். கிலுகிலுப்பையிலிருந்து ஆண்டவர். அவர் ஆரம்பித்தவரின் மருமகன். இரண்டு பேரும் தனித்தனிக் காரில் வந்து, யார் முதலில் மாடிப்படி ஏறுவது என்று கீழேயே கொஞ்ச நேரம் நின்றார்கள்.

வெள்ளைச்சாமி என் நாற்காலியில் உட்கார்ந்தார். நான் பக்கத்தில் நின்று மெஷினை அவர் கையில் கொடுத்தேன்.

"யாரும்மா இதைப் பண்ணது?"

"நாந்தான் சார்."

"பரவால்லையே. எந்த ஊரு?"

"அரியலூர் பக்கம்."

"பக்கம்னா?"

"கல்லங்குறிச்சி பக்கம் சார்."

"அட, பெருமாள் கோயிலுக்கு வருஷா வருஷம் வருவமே. கோயிலுக்குக் கிட்டயா, தள்ளியா?"

"தள்ளி சார்."

"எவ்ளோ தள்ளி?"

இது கிலோமீட்டர் கணக்கு இல்லை என்று எனக்குத் தெரியும். அவருக்கும் தெரியும். "ஓடையத் தாண்டி" என்றேன். அவர் "ம்" என்றார். பிறகு மெஷினைப் பார்த்தார். என்னைப் பார்க்கவில்லை.

கேமைப் போட்டதும் முதலில் பிள்ளையார் வருவார். அடுத்து இரண்டு பத்திரிகைகளையும் ஆரம்பித்த பெரியவர்களின் படம், மாலை போட்டு, பக்கத்தில் குத்துவிளக்கு எரியும். சுடர் அசையும். அதை அசைய வைக்கவே எனக்கு இரண்டு நாள் ஆனது. வெள்ளைச்சாமி தன் அப்பா படம் வந்ததும் மெஷினைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். பிறகு பொன்னனை எடுத்து விளையாடினார். மோசமாக விளையாடினாலும் ஜெயித்துவிட்டார். ஜெயித்தவனுக்கு ஊர்த்தலைவர் வந்து கப்பு கொடுப்பார். பொன்னன் கை நீட்டி வாங்கினான்.

"நிறுத்தும்மா. இது எந்தக் கை?"

பார்த்தேன். இடது கை. சண்டையில் பொன்னன் வலப்பக்கம் போய் இடப்பக்கம் திரும்பி நின்றுவிட்டான். படம் புரண்டுவிட்டது. வலது கை இடது கையாகிவிட்டது.

ஆண்டவர் விழுந்து விழுந்து சிரித்தார். "ஏங்க, உங்க ஆளு பீச்சாங்கையால கப்பு வாங்குறாரு. வூட்டுல சோறு எந்தக் கையால திங்கிறாரு?"

"உங்க ஆளைக் கொஞ்சம் அந்தப் பக்கம் நிக்க வச்சுப் பாருங்க" என்றார் வெள்ளைச்சாமி.

இடிமுழக்கனும் இடது கையால்தான் வாங்கினான். ஆண்டவர் சிரிப்பை நிறுத்தினார்.

எட்டு மாதமாக அந்தப் படத்தை நாளைக்கு ஐம்பது தடவை பார்த்திருக்கிறேன். ஒருநாளும் கண்ணில் படவில்லை. செந்தில்குமாருக்கும் படவில்லை. அவன் படம் வரைவதே இடது கையால்தான். அன்று அந்தக் கையை எடுத்துப் பேன்ட் பாக்கெட்டுக்குள் வைத்துக்கொண்டான். எனக்கு ஏன் படவில்லை என்று அன்று யோசித்தேன். ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கை வாங்குவதை எங்கள் தெருவில் நான் அவ்வளவாகப் பார்த்ததில்லை. சுரங்கத்துக்குப் போகும் முன்பு அறுவடைக் கூலி வாங்க அப்பா துண்டை இரண்டு கையாலும் விரித்துப் பிடிப்பார். மேலே இருந்து போடுவார்கள். அதில் வலது ஏது, இடது ஏது.

அதை நினைத்தபோதுதான் வழியும் தெரிந்தது. அவர்கள் இரண்டு பேரும் சாப்பிடப் போன நேரத்தில் செந்தில்குமாரை உட்கார வைத்து, கப்பு வாங்கும் படத்தை மாற்றி வரையச் சொன்னேன். இரண்டு கையாலும் வாங்குகிற மாதிரி. எந்தப் பக்கம் புரட்டினாலும் இரண்டு கை இரண்டு கைதான். ஒரு கேபி கூட அதிகம் ஆகாது. எட்டுப் பேருக்கும் ஒரு மணி நேரத்தில் மாற்றிக் கேசட்டில் ஏற்றிவிட்டேன். என் எட்டு மாத வேலையில் அதுதான் கெட்டிக்காரத்தனமான வேலை என்று இப்போதும் சொல்வேன்.

வெள்ளைச்சாமி பல் குத்திக்கொண்டே பார்த்தார்.

"என்ன இது, கையேந்துறான்?"

"ரெண்டு கையால வாங்குறது மரியாதை சார்."

"யாருக்கு மரியாதை? குடுக்கிறவனுக்கு மரியாதை. வாங்குறது யாரு? பொன்னன். இவன் என்னடான்னா கூலிக்கு நிக்கிறவன் மாதிரி குனிஞ்சு ரெண்டு கையையும் நீட்டுறான். இதைப் பாத்தா பசங்க சிரிப்பானுங்க."

"கூலி வாங்குறவங்கள பாத்து யாரு சார் சிரிக்கிறா?" என்றேன்.

குருநாதன் சார் இருமினார்.

"இதுல நான் அவர் கட்சி" என்றார் ஆண்டவர். "எங்காளும் இப்படி நிக்கக் கூடாது." பத்து வருடத்தில் இரண்டு பத்திரிகையும் ஒத்துப்போனது அந்த ஒரு விஷயத்தில்தான் இருக்கும்.

வலது கையால் வாங்க வேண்டும். அதுவும் நிமிர்ந்து நின்று. அப்படியானால் இரண்டு பக்கத்துக்கும் தனித்தனிப் படம் வேண்டும். ஆளுக்கு ஏழு கேபி, எட்டுப் பேருக்கு ஐம்பத்தாறு. இடம் இல்லை என்றேன்.

"எதையாவது எடு" என்றார் வெள்ளைச்சாமி.

"எடுக்கலாம் சார். மொதல்ல வர்ற பெரியவங்க படம் ரெண்டும் சேந்து நாப்பத்திரண்டு கேபி."

கீழே உரக்கடையில் மூட்டை இறக்குகிற சத்தம் கேட்டது.

"எங்கப்பா படத்தை எடுக்கச் சொல்றியா?"

"எடம் இல்லன்னு சொல்றேன் சார்."

"எனக்கு ஒண்ணும் இல்லம்மா" என்றார் ஆண்டவர். "மாமனார் படத்தை எடுத்துட்டா நான் வூட்டுக்குள்ள போக முடியாது. அவ்ளோதான்."

குருநாதன் சார் என்னைப் பார்க்காமல் கேட்டார்: "கடைசியில பேரு வருதே, அது எவ்ளோ?"

நான் வாயைத் திறப்பதற்குள் செந்தில்குமார் சொல்லிவிட்டான். யோசிக்காமல் கேட்டதற்குப் பதில் சொல்கிற பழக்கம் அவனுக்கு. "அதுவும் நாப்பத்திரண்டுதான் சார்."

மெஷினில் தமிழ் எழுத்து கிடையாது. பெயர்களைப் படமாகத்தான் வைக்க முடியும். மேலேயும் கீழேயும் பூவேலை வேறு போட்டிருந்தான்.

"நாப்பத்திரண்டுன்னா ஆறு பேருக்கு வலது கை வந்துரும்" என்று கணக்குப் போட்டார் குருநாதன் சார். "மிச்சம் ரெண்டு பேரு."

"எங்கள்ல ஒரு வில்லன் இருக்கான். அவங்கள்ல ஒருத்தன் இருக்கான்" என்றார் ஆண்டவர். "அவனுங்க பீச்சாங்கையாலயே வாங்கிட்டுப் போறானுங்க. வில்லன்தான?"

வெள்ளைச்சாமியும் சிரித்துவிட்டார். கைகுலுக்கினார்கள். காபி வந்தது. இரண்டு காரும் போயின.

நான் குருநாதன் சார் மேஜைக்குப் போனேன்.

"சார், பேரைப் போடுறேன்னு சொல்லியிருந்தீங்க."

"சொன்னேன். நெலம நீயே பாத்தல்ல."

"பூவேலையெல்லாம் வேணாம். மத்தவங்க சரின்னா ஒரே ஒரு வரி. வெற்றிச்செல்வின்னு. அதுக்கு ஒரு கேபி நான் எங்கயாவது பிழிஞ்சு எடுத்துக்கிறேன்."

"ஒருத்தர் பேரைப் போட்டா மத்த எட்டுப் பேரும் கேப்பாங்க. அப்புறம் வெள்ளைச்சாமி, எங்க வில்லனுக்கு வலது கை வைக்க எடம் இல்லாதப்ப இதுக்கு எப்படி வந்துச்சும்பாரு. வேணாம்மா."

"அப்பக் கேம நாந்தான் பண்ணேன்னு ஒரு லெட்டர் குடுங்க."

"கம்பெனி பண்ணுச்சுன்னு குடுக்கலாம். நீ கம்பெனில இருந்தன்னு குடுக்கலாம். நீ பண்ணன்னு எப்படிக் குடுக்கிறது? நாளைக்கி ஆளாளுக்கு வந்து நிப்பாங்க."

"கேமோட முகப்புல உங்க பேரு வருது சார்."

"அது கம்பெனி பேரும்மா."

கம்பெனியின் பெயரே குருநாதன்தான். அவர் கெட்டவர் என்று சொல்லவில்லை. சம்பளம் ஒன்றாம் தேதி வந்துவிடும். ஆபீசில் பெண்களிடம் ஒரு வார்த்தை தப்பாகப் பேசியதில்லை. என் பெயரை எடுப்பது அவருக்கு ஒரு விஷயமாகவே தெரியவில்லை. எனக்கு அதுதான் ஆத்திரம்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் செந்தில்குமார் ஆறு பேருக்கும் வலது கைப் படம் வரைந்து கொண்டுவந்தான். நன்றாகவே வரைந்திருந்தான்.

"எப்பப் போடுவ?"

"போட மாட்டேன்."

"வெளையாடாத."

"வெளையாடல. நீ வேணா போட்டுக்க."

அவனால் முடியாது. எந்தப் படம் கேசட்டில் எந்த இடத்தில் இருக்கிறது என்பது எனக்கு மட்டும்தான் தெரியும். எழுதி வைக்க எனக்கு நேரமும் இல்லை, யாரும் கேட்கவும் இல்லை.

"எம்பேருந்தான் போச்சு" என்றான் அவன். "நான் என்ன பண்ணேன், வூட்டுக்குப் போயிச் சாப்டுத் தூங்குனேன்."

"நீ நாளைக்கி இன்னொரு எடத்துக்குப் போனா ஒங்க மாமா பேரச் சொல்லுவ, ஒங்க சித்தப்பா பேரச் சொல்லுவ. நான் யாரு பேரச் சொல்றது?"

படம் இருந்த சிடியை என் மேஜையில் வைத்துவிட்டுப் போனான்.

சனிக்கிழமை காலையில் குருநாதன் சாரிடம் நானே போய்ச் சொன்னேன். பெயர் இல்லாமல் போட மாட்டேன். வேறு யாராவது போடுவதானால் தடுக்கவும் மாட்டேன். மெஷின், கம்ப்யூட்டர், எல்லாம் திறந்துதான் இருக்கிறது. அவர் முதலில் நம்பவில்லை. பிறகு திருச்சியிலிருந்து ஒருவரை வரவழைத்தார். அந்த ஆள் ஞாயிறு மாலை வரை உட்கார்ந்து பார்த்துவிட்டு, "இத எழுதுனவங்கள கூப்புடுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். பிறகு குருநாதன் சார் சம்பளத்தை ஏற்றுகிறேன் என்றார். பிறகு, "ஏம்மா, ஒன்ன எம் பொண்ணா நெனச்சு வளத்துவிட்டேனே" என்றார்.

"பேரு சார்" என்றேன்.

"அது மட்டும் கேக்காத."

அது மட்டும்தான் நான் கேட்டது.

திங்கட்கிழமை போனது. சீனாவில் தேதி தவறிவிட்டது என்று இறக்குமதிக்காரர் அங்கேயே தயாராக இருந்த ஏதோ கார் ஓட்டுகிற கேமை வைத்து மெஷினை விற்றுவிட்டார். கிலுகிலுப்பைக்காரர்கள் இழுத்தடித்ததால்தான் கேம் வரவில்லை என்று பட்டாணியில் வாசகர் கடிதத்துக்குப் பதில் போட்டார்கள். கிலுகிலுப்பையில் அதையே திருப்பிப் போட்டார்கள். ஒரு வேலைக்காரி மாட்டேன் என்றாள் என்று எழுத இரண்டு பேருக்கும் மனம் வரவில்லை.

மற்ற எட்டுப் பேரில் மூன்று பேர் என்னோடு இன்றுவரை பேசுவதில்லை. அவர்களுக்கு வர வேண்டிய தீபாவளி போனஸ் அந்தக் கேமில்தான் இருந்தது. அவர்கள் கோபம் நியாயம். நான் மன்னிப்புக் கேட்கவில்லை, ஆனால் நியாயம்.

வேலையை விட்டேன். கிளம்பும்போது சோதனைக்கு என்று வைத்திருந்த இரண்டு மெஷினில் ஒன்றைக் கேசட்டோடு பையில் போட்டுக்கொண்டேன். புதன்கிழமை மத்தியானம் நான் ஏற்றியது அப்படியே அதில் இருந்தது. திருட்டு என்றால் திருட்டுதான். அந்தச் சென்னை கேம் கம்பெனிக்காரருக்கு மறுபடியும் போன் செய்து நடந்ததைச் சொன்னேன். "வெளிய வரலைல்ல" என்றார். "வரல" என்றேன். வைத்துவிட்டார்.

இப்போது அரியலூரில் ஒரு பிரவுசிங் சென்டரில் இருக்கிறேன். அரியலூரைத் திரும்பவும் தனி மாவட்டம் ஆக்கப்போகிறார்கள். ஆபீஸ் வேலைக்கு விண்ணப்பம் அடிக்கக் கூட்டம் வருகிறது. பெயர், தகப்பன் பெயர், முகவரி என்று நாளெல்லாம் அடிக்கிறேன். எனக்கும் ஒன்று அடித்துப் போட்டிருக்கிறேன்.

வேலையை விட்டு வீட்டுக்கு வந்த அன்று அப்பா கேட்டார்.

"கடைக்கி வந்துருச்சா பாப்பா?"

"வரலப்பா. இனி வராது."

"ஏன்?"

"நான் குடுக்கல. பேர எடுத்துட்டானுங்க."

அப்பா கையைக் கழுவிக்கொண்டிருந்தார். எவ்வளவு கழுவினாலும் நகத்து இடுக்கில் சுண்ணாம்பு வெள்ளை போகாது. அம்மா உள்ளே இருந்து, "எட்டு மாசம் கண்ணு போவச் செஞ்சுட்டு, குடுக்காம வந்தாளாம். ஒன் மவளுக்கு ஒன் கொழுப்பு" என்றாள். அப்பா துண்டில் கையைத் துடைத்துக்கொண்டார்.

"எதுவுமே இல்லையா?"

பையிலிருந்து மெஷினை எடுத்துக் காட்டினேன்.

"இதுல பேரு இருக்கா?"

"இருக்கு. எதிராளி ஏழு பேரையும் ஜெயிச்சா கடைசியில வரும்."

"குடு."

அன்றிலிருந்து வேலை முடிந்து வந்ததும் அதை எடுத்துக்கொண்டு வாசலில் உட்கார்ந்துவிடுகிறார். பொன்னன்தான் அவர் ஆள். கடப்பாரை பிடித்த விரலுக்கு அந்தப் பட்டன் சின்னது. ஒன்றை அமுக்கினால் இரண்டு அமுங்கும். முதல் ஆளை ஜெயிக்கவே பதினைந்து நாள் ஆனது. ஜெயித்ததும் பொன்னன் குனிந்து இரண்டு கையாலும் கப்பை வாங்கினான். அப்பா மெஷினைக் கிட்டத்தில் கொண்டுபோய்ப் பார்த்தார்.

"நல்லாத்தான வாங்குறான். இதையா வேணான்னானுங்க?"

"ஆமா."

அப்பா அடுத்த ஆளுக்குப் போனார்.

இப்போது ஆறு பேரைத் தாண்டிவிட்டார். ஏழாவது ஆள் இடிமுழக்கன். அவனிடம் ஒரு மாதமாகத் தோற்றுக்கொண்டிருக்கிறார். தோற்றால் திரும்ப முதல் ஆளிலிருந்து வர வேண்டும். அது நான் வைத்த விதிதான்.

"அப்பா, ரெண்டு பட்டனையும் சேத்து அமுக்குனா நேரா பேருக்கே போயிரும். நான் வச்சிருக்கேன். குடுங்க, காட்டுறேன்."

"ஒருத்தனும் காட்ட வேணாம். வரேன் இரு."

அம்மா சோறு ஆறுகிறது என்று கத்தினாள். அப்பா மெஷினைத் தொடை மேல் சாய்த்து வைத்துக்கொண்டு, முதல் ஆளிலிருந்து மறுபடி ஆரம்பித்தார்.